கமலவேணி அம்மாளுக்கு ஒரு நாள்

கமலவேணி அம்மாள் இறந்த செய்தியை அவருடைய மகள் சுமதி விடிவதற்குச் சற்று முன் தொலைபேசியில் சொன்னாள். "மாமா, அம்மா பூட்டாங்க" என்றாள். அழவில்லை. அழுவதற்கு முன் முடிக்கவேண்டிய வேலை ஒன்று அவளுக்கு இருந்தது. "ஊருல கூடிட்டாங்க. வலைய நிறுத்தறதா வேணாமானு பேசிக்கினு கீறாங்க. நீ சீக்கிரம் வா மாமா, நீதான் படிச்சவரு" என்றாள். நான் பொன்னேரி நீதிமன்றத்தில் முப்பது ஆண்டு தட்டச்சராக இருந்து ஓய்வு பெற்றவன். எங்கள் குப்பத்தில் அதற்குப் படிப்பு என்று பெயர்.

வெளியூர் வாசகர்களுக்கு ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். பழவேற்காடு ஏரிக்கரைக் குப்பங்களில் ஒரு சாவு விழுந்தால் அன்று ஊரில் எவரும் தொழிலுக்குப் போவதில்லை. வலை கரையிலேயே கிடக்கும். மாலை, சங்கு, மேளம், பூப்பல்லக்கு எல்லாம் யாருக்கும் ஏற்பாடு செய்துவிடலாம். வலை நிற்பது ஊர்க்காரருக்கு மட்டும். கமலவேணி அம்மாள் ஊர்க்காரரா என்பதுதான் அன்று காலைக் கேள்வி. அவர் அங்கே நாற்பது ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்திருந்தார். ஊருக்கு அது போதுமான தகவலாகப் படவில்லை.

குப்பத்தின் பெயரை எழுதவில்லை. கோட்டைக்குப்பத்துக்கு அந்தப் பக்கம் என்று வைத்துக்கொள்ளுங்கள். அவரை அறிந்த நீங்கள் ஊரையும் அறிவீர்கள். மற்றவர்கள் தெரிந்துகொண்டு, ஊர் என்னைக் கூப்பிட்டு விசாரிப்பதில் யாருக்கும் லாபம் இல்லை.

முதல் பேருந்தில் ஏறி உட்கார்ந்ததும், இரங்கல் கட்டுரையை எப்படித் தொடங்குவது என்று மனம் யோசித்தது. எழுதுகிறவர்களுக்கு இந்த அற்பப் புத்தி உண்டு. சில நாள்களுக்கு முன் இணையத்தில் ஹங்கேரி நாட்டு நடிகை ஒருவரின் வாழ்க்கைக் குறிப்பை வாசித்திருந்தேன். அங்கே எப்படிப் போய்ச் சேர்ந்தேன் என்று தெரியாது. இணையத்தில் யாருக்குமே தெரிவதில்லை. பிறந்த ஊர், பயின்ற நாடகப் பள்ளி, சேர்ந்த அரங்கம், நடித்த படங்கள், பெற்ற விருது, அடக்கமான இடம் என்று எல்லாம் ஒழுங்காக இருந்தன. அந்த அம்மையார் நடித்த ஒரு காட்சியைக்கூட நான் பார்த்ததில்லை, ஆனால் அவரைப் பற்றி எனக்கு எல்லாம் தெரிந்துவிட்டது. கமலவேணி அம்மாள் நடித்ததை எத்தனையோ தடவை பக்கத்திலிருந்து பார்த்திருக்கிறேன். அவர் பிறந்த வருடம் எனக்குத் தெரியாது. அவருக்கும் தெரியாது.

பேருந்தில் அதே வரிசையில் எழுதிப் பார்த்தேன். பிறந்தது சூளூர்ப்பேட்டைப் பக்கம், நாடகக் கம்பெனி தங்கியிருந்த ஒரு நெல் மண்டியில். பயின்ற பள்ளி, நைனா. அவருடைய நைனா ஆர்மோனியம் வாசித்தவர். வேடம் கட்ட ஆள் வராத நாளில் மகளை மேடையில் தள்ளிவிட்டவர். அரங்கம், நான்கு சவுக்குக் கழியும் ஒரு தார்ப்பாயும். விருது, எங்கள் குப்பத்து இளைஞர் மன்றம் ஒருமுறை கொடுத்த எவர்சில்வர் குடம். கடைசி வரியை அந்த நேரத்தில் ஊர் கூடி எழுதிக்கொண்டிருந்தது.

அவர் எங்களிடம் வந்து சேர்ந்த வழியை இளையவர்கள் நம்பமாட்டார்கள். அம்மன் திருவிழாவுக்கு ஒவ்வொரு குப்பத்திலும் இளைஞர் மன்றம் ஒரு சமூக நாடகம் போடும். கதை, வசனம், கதாநாயகன், வில்லன், போலீஸ் எல்லாம் ஊர்ப் பிள்ளைகள். கதாநாயகி மட்டும் வெளியிலிருந்து வருவார். ஊர்ப் பெண் மேடை ஏறினால் கல்யாணம் நடக்காது. ஊர் ஆண் புடவை கட்டினால் நாடகம் நடக்காது. ஆகவே சென்னையில் ஓர் ஏஜெண்டிடம் சொல்லி வைப்போம். திருவிழா அன்று மத்தியானப் பேருந்தில் ஒரு நடிகை இறங்குவார். சாயங்காலம் ஒரே ஓர் ஒத்திகை. ஆறு மாதம் நாங்கள் மனப்பாடம் செய்த நாடகத்தில் அவர் அரை நாளில் எங்கள் தங்கையாகவோ மனைவியாகவோ ஆகி, எங்களால் கைவிடப்பட்டு, நியாயம் கேட்டு, மறுநாள் காலைப் பேருந்தில் திரும்பிப் போவார்.

அப்படி ஒரு தகரப் பெட்டியோடும் குடையோடும் இறங்கியவர்தான் கமலவேணி. நாடகம் எழுதியவன் என்ற முறையில் நோட்டுப் புத்தகத்தை அவரிடம் கொடுத்தேன். அவர் அதைப் பிரிக்கவில்லை. கையில் வைத்து எடை பார்த்தார்.

"தம்பி, இதுல நா எங்க அழணும், எங்க சும்மா நிக்கணும், அத்த மட்டும் சொல்லு. மீதிய நா பாத்துக்கறேன்."

வசனத்தில் ஆழமான அர்த்தம் இருக்கிறது என்று சொன்னேன். "இருக்கட்டும் தம்பி. அது எங்கயும் போவாது" என்றார்.

அந்த வருடம் மூன்றாவது காட்சியில் குடித்துவிட்டு வரும் கணவனிடம் கதாநாயகி ஒன்றரைப் பக்கம் பேச வேண்டும். பெண்ணடிமை, மதுவின் தீமை, சமுதாய மாற்றம் என்று நான் எதையும் விட்டுவைக்கவில்லை. கணவன் வந்தான், திட்டினான். கமலவேணி அவனை நிமிர்ந்து பார்த்து, "கஞ்சி ஆறுது. குடிச்சுட்டு வந்து திட்டு" என்றார். அது என் வசனம் இல்லை. முந்தைய வாரம் வேறொரு குப்பத்தில் நடித்த நாடகத்தின் வசனம். அந்தப் பருவத்தில் அவர் அரை டஜன் குப்பங்களில் அரை டஜன் குடிகாரர்களுக்கு மனைவியாக இருந்தார், கலந்துவிட்டது. கூட்டம் சிரித்துக் கைதட்டியது. எங்கள் கதாநாயகன் நிஜமாகவே உட்கார்ந்து கஞ்சி குடித்தான். திரை விழுந்ததும் நான் போய் நியாயம் கேட்டேன். "அது உன்னுது இல்லியா?" என்று கேட்டுக் கொஞ்சம் யோசித்தார். "பரவால்ல, அந்த ஊர்க்காரன் வந்து கேட்டா திருப்பிக் குடுத்துடலாம்." அதற்குப் பிறகு பல வருடங்கள், ரைட்டர் எழுதியதிலேயே கஞ்சி வசனம்தான் டாப்பு என்று ஊரில் என்னிடமே சொல்லிப் பாராட்டினார்கள். நான் மறுத்ததில்லை.

அடுத்த வருடம் துன்பியல் நாடகம் எழுதினேன். புயல், திரும்பாத படகு, தாலி அறுப்பு, மூன்று பக்கப் புலம்பல். வலைகள் காயும் மணலில் ஒத்திகை நடந்தபோது, மீன் விற்கும் பெண்கள் கூடையோடு வந்து நின்றார்கள். அவர்களுக்குத் தலைவி போல இருந்தவர் அஞ்சலை.

"இன்னா நைனா இது? எங்க ஆம்பளைங்க கடல்ல கீறாங்க. நீ இங்க தாலி அறுத்துக்கினு கீற?"

துன்பியல் நாடகம் மனத்தைத் தூய்மை செய்வது பற்றி ஐரோப்பிய அறிஞர்கள் சொல்லியிருப்பதை நான் சுருக்கமாக எடுத்துரைத்தேன். அஞ்சலை முழுவதையும் கேட்டார். "அவுங்க ஊட்ல யாரு கடலுக்குப் போறாங்க?" என்றார். நூலகத்தில் நான் படித்த எந்த நூலிலும் அதற்குப் பதில் இல்லை.

கமலவேணி நடுவில் வந்து அஞ்சலையிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார். படகு திரும்ப நேரமானால் நீங்கள் என்ன செய்வீர்கள்? அஞ்சலை யோசிக்கவில்லை. "இன்னா செய்வோம், ஊட்டு வேலைய பாப்போம். கரைக்கு வரமாட்டோம். வந்துட்டா பயந்துட்டோம்னு ஆயிடும்."

அன்று மேடையில் தாலி அறுப்பும் இல்லை, புலம்பலும் இல்லை. கமலவேணி தரையைப் பெருக்கினார். அடுப்பை மூட்டினார். சோற்றுப் பானையை மூடினார். திறந்து பார்த்து மறுபடி மூடினார். பெருக்கிய இடத்தையே திரும்பப் பெருக்கினார். மேடையின் இடது பக்கம் கடல் என்று வைத்திருந்தோம். அந்தப் பக்கம் ஒருமுறைகூடத் திரும்பவில்லை. கூட்டத்தில் யாரும் அழவில்லை. முன்வரிசையிலிருந்து அஞ்சலை மட்டும் எழுந்து நிஜக் கடலைப் பார்த்துவிட்டு வரப் போனார். அவர் பின்னால் இன்னும் நாலு பேர் போனார்கள். பார்ப்பவரை அழவைக்கிற நடிகைகள் நாட்டில் நிறைய உண்டு. பார்ப்பவரை எழுந்து போகவைத்து அதையே வெற்றியாக்கியவர் எனக்குத் தெரிந்து இவர் ஒருவர்தான்.

எங்கள் நாடகங்களில் ஏழுமலைக்கு எப்போதும் போலீஸ் வேடம். ஆள் உயரம், வசனம் நிற்காது. நான்காவது வருடம் அவனுக்கு ஒரே வரி: "யாரும் நகராதீங்க." உள்ளே வந்தான், கமலவேணியைப் பார்த்தான், நின்றுவிட்டான். நேரம் போயிற்று. கடைசியில் கமலவேணியே சொன்னார்: "போலீஸ்காரரு யாரும் நகரக் கூடாதுன்னு பாக்கறாரு." மறுநாள் காலைப் பேருந்து வந்தது. தகரப் பெட்டி ஏறவில்லை.

இருவரின் கல்யாணம் பொன்னேரிப் பதிவாளர் அலுவலகத்தில் நடந்தது. விண்ணப்பத்தைத் தட்டச்சு செய்தவன் நான். கமலவேணிக்காக நான் எழுதியதில் அவர் ஒரு வார்த்தையும் மாற்றாதது அது ஒன்றுதான்.

ஊர் மாற்றியது. எங்கள் ஏரியில் எந்த இடத்தில் எவர் என்றைக்கு வலை கட்டலாம் என்பதை ஊர்தான் முறை வைத்துக் கொடுக்கும். அந்த முறைக்குப் பாடு என்று பெயர். கல்யாணம் ஆன ஆண் தலைக்கட்டு ஆவான், தலைக்கட்டுக்குத்தான் பாடு. பஞ்சாயத்து கூடி, வந்தவள் குப்பத்துப் பெண் இல்லை, மேலும் எல்லா ஊர்களிலும் மனைவியாக இருந்தவள் என்று சொல்லி, ஏழுமலையைத் தலைக்கட்டுப் பட்டியலில் சேர்க்கவில்லை. அவன் வேறு படகுகளில் ஆளாகப் போனான். கமலவேணி இடுப்பளவு தண்ணீரில் இறங்கிக் கையால் இறால் தடவக் கற்றுக்கொண்டார். சுமதி பிறந்தபோது ஊர் சர்க்கரையை வாங்கிக்கொண்டது. பட்டியலைத் திருத்தவில்லை. ஊர்க் கணக்குப்படி ஏழுமலை கடைசிவரை கட்டைப் பிரம்மச்சாரி.

நானோ படகில் கால் வைத்தால் வாந்தி எடுப்பவன். வேலை கிடைத்ததும் பொன்னேரியில் வீடு பார்த்தவன். ஆனால் நான் கட்டியது ஊர்ப் பெண்ணை. அதனால் நான் தலைக்கட்டு. என் பாட்டில் என் மச்சான் வலை கட்டுகிறான். நான் செத்தால் ஒரு நாள் வலை நிற்கும். ஊரின் சட்டம் தெளிவாகவே இருந்தது.

மன்றங்கள் நாடகத்தை விட்டுவிட்டு வாடகை வீடியோவுக்கு மாறியபோது கமலவேணி சினிமாவுக்குப் போனார். விடியற்காலை முதல் பேருந்து, பொன்னேரியில் மின்சார ரயில், கோடம்பாக்கம். கதாநாயகனுக்குத் தண்ணீர் கொடுக்கும் பெண், மருத்துவமனையில் தட்டோடு நடக்கும் நர்ஸ், நியாயம் கேட்டு ஓடிவரும் கூட்டத்தில் மூன்றாவது ஆள். முகம் சோர்ந்த பிறகு பெரும்பாலும் பிணம். அதைப் பற்றி அவர் சொன்னதை நான் எழுதியே வைத்திருக்கிறேன். "பொணமா நடிக்கறதுல மூச்ச அடக்கறது கஷ்டம் இல்ல தம்பி. சுத்தி நிக்கறவங்க மோசமா அழறாங்க பாரு, எழுந்து சொல்லிக் குடுக்காம படுத்துக் கெடக்கணும், அதான் கஷ்டம்."

ஒருமுறை ஒரு படப்பிடிப்பு எங்கள் கரைக்கே வந்தது. கதாநாயகி வடக்கேயிருந்து வந்தவர். மீனவப் பெண் ஆவதற்காகத் தினமும் இரண்டு மணி நேரம் அவருக்குக் கறுப்புப் பூசினார்கள். பின்னால் நடக்கும் மீன்காரிகளாக எங்கள் ஊர்ப் பெண்களையும் கமலவேணியையும் வரிசையில் நிறுத்தினார்கள். உடை பார்க்கும் உதவியாளர் ஒருவர் வரிசையைப் பார்த்துவிட்டு, இவர்கள் யாரும் மீன்காரி மாதிரி இல்லையே என்று சொன்னார். அஞ்சலை இடுப்பில் கை வைத்து, அப்படியென்றால் எங்களுக்கும் அந்தச் சாயத்தைக் கொண்டுவா என்று கேட்டார். கமலவேணி அந்த உதவியாளரைத் தனியே கூப்பிட்டுப் போய் ஏதோ பேசினார். படம் வெளியானபோது பார்த்தோம். கதாநாயகி கூடையைத் தலையில் தூக்கும் விதம் மட்டும் அச்சாக அஞ்சலை. மற்றதெல்லாம் சாயம். பெயர்ப் பட்டியலில் கமலவேணி இல்லை. ஏதோ ஒரு பட்டியலில் பெயர் இல்லாமலிருப்பது அவருக்குப் பழகியிருந்தது.

துறைமுகத்தைப் பெரிதாக்குவதை எதிர்த்து எல்லாக் குப்பங்களும் பொன்னேரியில் வந்து உட்கார்ந்த நாள் உங்களில் பலருக்கு ஞாபகம் இருக்கும். தொலைக்காட்சிக்காரர்கள் வந்து, பெண் ஒருவர் பேசினால் நன்றாக இருக்கும் என்றார்கள். எங்கள் ஊர்த் தலைவர் கூட்டத்தை ஒருமுறை பார்த்தார். பிறகு நேராகப் போய்க் கமலவேணியைக் கையைப் பிடித்து எழுப்பி, "எங்க ஊர்ப் பொம்பள, இவுங்க பேசுவாங்க" என்று கேமரா முன் நிறுத்தினார். அவர் நான்கே வாக்கியம் பேசினார். ஏரி யாருக்குச் சோறு போடுகிறது என்று சொல்லி, அதற்கு மேல் பேசாமல் நின்றார். கேமராவே சங்கடப்பட்டு ஏரிப் படத்துக்குப் போய்விட்டது. அன்று திரும்பும் வழியில், "இன்னிக்கு ஊர்ப் பொம்பள ஆயிட்டேன் தம்பி" என்றார். "எவ்ளோ நேரத்துக்குன்னு கேக்க மறந்துட்டேன்."

ஏழுமலை போனபோது வலை நின்றது. பட்டியலில் பிரம்மச்சாரியானாலும் அவன் ஊர்த் தலைக்கட்டு ஒருவரின் மகன். அடக்கம் முடிந்து எல்லோரும் கலைந்தபின் கமலவேணி வாசலில் உட்கார்ந்து வெறும் ஏரியைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன்.

"அவருக்கு நிறுத்துனாங்க, பாத்தியா? ஒரு படகுகூட இல்ல. அவ்ளோ பெரிய ஏரி, ஒரு ஆளுக்காக சும்மா கெடக்குது. எந்த மேடையிலயும் இப்படி ஒரு செட்டு நா பாத்ததில்ல." பிறகு என் பக்கம் திரும்பாமலே கேட்டார். "எனக்கு நிறுத்துவாங்களா? நீ கேட்டுச் சொல்லு தம்பி. எனக்கு வேற எதுவும் வாணாம்."

அவர் என்னிடம் எதையும் கேட்டு நான் அறிந்ததில்லை. மறுநாளே தலைவரிடம் போனேன். நல்ல மனிதர், யாரையும் நேரடியாகப் புண்படுத்தமாட்டார். "அந்தம்மா நல்லா கீறாங்களே, இப்ப இன்னாத்துக்கு அந்தப் பேச்சு? மொதல்ல ஆவட்டும், அப்பறம் பாத்துக்கலாம்" என்றார். அதை எப்படிச் சொல்வது என்று தெரியாமல் அப்படியே போய்ச் சொன்னேன். கமலவேணி சிரித்தார். "சரிதான். என் வேலைய நா மொதல்ல முடிக்கணும்ன்றாரு."

அவர் முடித்துவிட்டார். நான் போய் இறங்கியபோது வலை பின்னும் கூடத்தில் ஊர் நிறைந்திருந்தது. மழை விட்டு, முகத்துவாரம் திறந்து, இறால் ஓடுகிற காலம். அன்று நல்ல இடத்துப் பாடு தசரதன் என்பவனுடையது. வருடத்தில் சில நாள்களே அந்த இடம் ஒருவனுக்குக் கிடைக்கும். சாவுக்கு நின்ற நாள் திரும்பக் கிடைக்காது, அதுவும் சட்டம். நீர் வடியத் தொடங்குமுன் கழி நட்டு வலையைக் கட்டிவிட வேண்டும். தசரதனின் படகில் வலை ஏற்றித் தயாராக இருந்தது. அவன் கூடத்தின் விளிம்பில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தான்.

அந்தம்மா மேல் தனக்குக் கோபம் ஒன்றும் இல்லை என்றான். அவர் நாடகத்தைத் தன் ஆயா மடியில் உட்கார்ந்து பார்த்தவன் என்றான். ஆனால் சட்டம் என்று ஒன்று இருக்கிறதா இல்லையா, தலைக்கட்டில் பேர் இல்லாதவருக்கு இன்று நிறுத்தினால் நாளைக்கு டீக்கடைக்காரருக்கும் நிறுத்தவேண்டி வரும் என்றான். சொன்னதில் பிழை கிடையாது. தலைவர் என்னைப் பார்த்தார். சுமதி வீட்டு வாசலிலிருந்து கூடத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

நான் யோசித்து வைத்துச் சொன்னது அல்ல. வாயில் வந்தது. "என் பேரு தலைக்கட்டுல கீது. நான் செத்தா ஒரு நாள் நிறுத்துவீங்க. அந்த நாள இவங்களுக்குக் குடுத்துடறேன்."

இப்படி ஒன்றை ஊர் கேட்டதே இல்லை. ஆனால் உடல் சரியில்லாதவன் தன் பாட்டை அண்ணன் தம்பிக்கு மாற்றிக் கொடுக்கலாம் என்பது வழக்கம். பாட்டைக் கொடுக்கலாம் என்றால் சாவு நாளை ஏன் கொடுக்கக் கூடாது என்று ஒரு பெரியவர் கேட்டார். அது நியாயம்தான் என்றார் இன்னொருவர். தலைவர் தலையைத் தடவினார்.

"அப்ப நீ செத்தா நாங்க தொழிலுக்குப் போலாமா?" என்றான் தசரதன்.

"தாராளமா."

"ஊர்ப் பொணம் ஊட்ல கெடக்க, நாங்க எறால் புடிச்சிக்கினு இருந்தா கோட்டைக்குப்பத்துக்காரன் காறித் துப்பமாட்டான்?"

"அப்ப எனக்கும் நிறுத்துங்க."

"அப்ப நீ குடுத்தது இன்னாத்த?"

பெரியவர் ஒருவர், உன் சம்சாரத்தைக் கேட்டாயா என்றார். கேட்கவில்லை. அங்கேயே தொலைபேசியில் கூப்பிட்டேன். கூடம் காது கொடுத்தது. என் மனைவி விஷயத்தைக் கேட்டுவிட்டு, "நீ உயிரோட இருக்கறப்பவே உன்னால எந்த வேலையும் நின்னதில்ல. குடுத்துட்டு வா" என்றாள். கூடம் சிரித்தது. சாவு நாளில் சிரிக்கிறோமே என்று எல்லோரும் ஒருமுறை கமலவேணி வீட்டுப் பக்கம் பார்த்துக்கொண்டார்கள். அங்கே பெண்கள் விடிவதற்கு முன்பே வந்து உட்கார்ந்துவிட்டிருந்தார்கள். அவர்களுடைய மீன் கூடைகள் வேலியோரம் கவிழ்ந்து கிடந்தன. அவர்களை யாரும் எதுவும் கேட்கவில்லை. அவர்களும் யாரையும் கேட்கவில்லை.

தசரதன் விடவில்லை. ஒருவன் தன் நாளைக் கொடுத்துவிட்டுப் பிறகு ஊரைவிட்டே போய்விட்டால் என்ன செய்வது என்றான். பாதி நாளைக் கொடுக்க முடியுமா என்றான். ஒருவருக்கு இரண்டு பேர் கொடுத்தால் இரண்டு நாள் நிற்பதா என்றான். ஒவ்வொன்றுக்கும் பெரியவர்கள் பதில் தேடினார்கள். பதில் கிடைத்ததும் அவனிடம் அடுத்த கேள்வி இருந்தது. நீதிமன்றத்தில் வாய்தா வாங்குகிறவர்களை முப்பது ஆண்டு பார்த்தவன் நான். அவ்வளவு நல்ல வாதத்தை நான் தட்டச்சு செய்ததில்லை. எனக்கு அவன்மேல் கோபம் கோபமாக வந்தது. கமலவேணி அம்மாள் கேட்ட ஒரே ஒரு விஷயம், அதை இவன் இப்படித் துண்டு துண்டாக வெட்டுகிறானே என்று நினைத்தேன்.

தலைவர்தான் முதலில் பார்த்தார். "நீரு வடிஞ்சிடுச்சே தசரதா" என்றார்.

எல்லோரும் எழுந்து பார்த்தோம். ஏரியில் நின்ற கழிகளில் ஈரக் கோடு நீர்மட்டத்துக்கு முழங்கால் உயரம் மேலே தெரிந்தது. இனி அன்று வலை கட்ட முடியாது. தசரதன் திரும்பிப் பார்த்தான்.

"ஆமா. பேசிக்கினே இருந்துட்டேன்" என்றான்.

நடுத்தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் நீர் ஏறுகிறதா வடிகிறதா என்று சொல்லக்கூடியவன் அவன். காலையிலிருந்து ஏரிக்கு முதுகைக் காட்டியே உட்கார்ந்திருந்தான் என்பதை நான் அப்போதுதான் கவனித்தேன். அவன் என்னைப் பார்க்கவில்லை. படகுக்குப் போய் வலையை இறக்கிவைத்துவிட்டு, சட்டையைக் கழற்றித் தோளில் போட்டுக்கொண்டு, பாடை கட்டுகிற இடத்துக்கு நடந்தான்.

அப்போது தலைவரின் தொலைபேசி அடித்தது. பக்கத்துக் குப்பத்திலிருந்து யாரோ, உங்கள் பக்கம் ஒரு படகையும் காணோமே, ஊரில் என்ன விசேஷம் என்று கேட்டிருக்க வேண்டும். தலைவர் எங்களை ஒரு சுற்றுப் பார்த்தார். நிறுத்தினோம் என்று சொன்னால் சட்டம் போயிற்று. நிறுத்தவில்லை என்று சொன்னால் அது அவ்வளவு உண்மையும் இல்லை.

"காத்து சரியில்லப்பா" என்றார்.

சுமதி வீட்டு வாசலில் ஏற்றியிருந்த ஊதுவத்திப் புகை கோடு போட்டது போல நேராக மேலே போய்க்கொண்டிருந்தது. சுமதி அதற்குப் பிறகுதான் அழுதாள்.

எடுத்துப் போகும்போது நான் பின்னால் நடந்தேன். கரையிலிருந்து தெரிகிற வரைக்கும் ஏரியில் எதுவும் இல்லை. தூரத்தில் நாரைகள் மட்டும் தொழில் செய்துகொண்டிருந்தன. அவற்றைக் கட்டுப்படுத்த எங்கள் பஞ்சாயத்துக்கு அதிகாரம் இல்லை. கமலவேணி அம்மாளுடைய முகத்தை மூடியிருக்கவில்லை. சுற்றி நடந்தவர்கள் அன்று நன்றாகவே அழுதார்கள். எழுந்து திருத்தவேண்டிய தேவை அவருக்கு வரவில்லை.

மாலையில் பேருந்துக்குக் காத்திருந்தபோது தலைவர் வந்து என்னோடு நின்றார். அப்படியானால் என் நாள் இருக்கிறதா, போய்விட்டதா என்று அவரிடம் கேட்டேன். அவர் தீவிரமாக யோசித்தார். "அந்தப் பேச்ச இப்ப எடுத்தா நாளைக்கும் நீரு வடிஞ்சிடும், வுடு" என்றார். பேருந்து வந்துவிட்டது.

இந்த மாதிரிக் கட்டுரைகளின் முடிவில் மறைந்தவரிடமிருந்து தனக்கு மிஞ்சியது என்ன என்று எழுதுவது வழக்கம். புகைப்படம் ஒன்றும் என்னிடம் இல்லை. அவர் நடித்த படங்கள் எங்கே கிடைக்கும் என்று தெரியாது. கிடைத்தாலும் எந்தக் கூட்டத்தில் எத்தனையாவது ஆள் என்று தேட வேண்டும். எனக்கு மிஞ்சியது அந்த நாள்தான். என் பெயரில் இருந்து, நான் கொடுத்து, ஊர் எடுத்துக்கொள்ளவும் இல்லை, திருப்பித் தரவும் இல்லை என்ற நிலையில் இருக்கிற ஒரு நாள். அது முடிந்துவிட்டது என்றுதான் நான் வைத்திருக்கிறேன். ஆகவே ஊரார் இதைப் படித்தால் ஒரு வேண்டுகோள். நான் போகும் நாளில் நீர் ஏறியிருந்து, இறாலும் ஓடினால், யோசிக்காமல் வலையை எடுத்துக்கொண்டு போங்கள். கோட்டைக்குப்பத்துக்காரர்கள் கேட்டால், அவன் நாளை அவன் முன்பே கமலவேணி அம்மாளோடு இருந்து முடித்துவிட்டான் என்று சொல்லுங்கள்.